முகம் தெரியும், வரலாறு தெரியாது: பழைய எகிப்தியப் படங்களின் துணை நடிகர்களைப் பற்றி ஏன் இவ்வளவு குறைவாகப் பதிவாகியிருக்கிறது?

1950களின் எகிப்தியப் படங்கள் இன்று இணையத்தில் தாராளமாகக் கிடைக்கின்றன. அவற்றைப் பார்க்கத் தொடங்குபவர்களுக்குச் சீக்கிரமே ஒரு குழப்பம் வரும். கதாநாயகனைவிட அதிகமாக மனதில் நிற்கிற ஒரு துணை நடிகர் இருப்பார். படத்துக்குப் படம் அதே முகம், அதே குரல். யார் இவர் என்று தேடினால் ஒரு பக்கம் ஒரு பிறந்த ஆண்டைச் சொல்லும், இன்னொரு பக்கம் வேறொன்றைச் சொல்லும். படப் பட்டியல் இடத்துக்கு இடம் மாறும். வாழ்க்கை வரலாறு என்ற பெயரில் நாலு பத்தி இருக்கும். அதில் மூன்று பத்தி அவர் எப்படி வறுமையில் இறந்தார் என்பதாக இருக்கும்.

இவ்வளவு பிரபலமான முகத்துக்கு இவ்வளவு மெலிந்த பதிவு எப்படி வந்தது? இதற்குத் திட்டவட்டமான காரணங்கள் இருக்கின்றன. ரியாத் அல்-கஸப்கி என்ற நடிகரை முக்கிய உதாரணமாக வைத்துக்கொண்டு அவற்றைப் பார்க்கலாம்.

## எந்த சினிமா, எந்தக் காலம்

அரபு மொழிப் படங்கள் என்று பொதுவாகச் சொன்னாலும், இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் அவற்றில் மிகப் பெரும்பாலானவை கெய்ரோவில்தான் தயாராயின. சிரியா, லெபனான், இராக் ஆகிய நாடுகளிலும் படங்கள் எடுக்கப்பட்டன. ஆனால் ஆண்டுதோறும் தொடர்ந்து படம் தந்த தொழில் எகிப்தில் மட்டுமே இருந்தது.

அதன் வளர்ச்சியைச் சுருக்கமாகச் சொன்னால் இப்படி. நடிகை அஸீஸா அமீர் தயாரித்த 'லைலா' என்ற மௌனப் படம் 1927-ல் வெளியானது. முதல் பேசும் படங்கள் 1932-ல் வந்தன. தலாத் ஹர்ப் நிறுவிய மிஸ்ர் வங்கியின் பணத்தில் 1935-ல் ஸ்டூடியோ மிஸ்ர் திறக்கப்பட்டது. அதன் முதல் படம், பாடகி உம் குல்தூம் நடித்த 'விதாத்', 1936-ல் வந்தது. இரண்டாம் உலகப் போரில் கையில் காசு சேர்த்தவர்கள் அதை சினிமாவில் கொட்டியதால், போர் முடிந்த கையோடு படங்களின் எண்ணிக்கை பல மடங்கு ஏறியது. அதற்குப் பிறகு ஆண்டுக்கு ஏறத்தாழ ஐம்பது படங்கள் என்பது சாதாரணமாகிவிட்டது.

அந்தப் படங்கள் எகிப்தோடு நிற்கவில்லை. மொராக்கோவிலிருந்து இராக் வரை ஓடின. கெய்ரோவின் பேச்சு வழக்கு அரபு உலகம் முழுக்கப் புரிவதற்கு இந்தப் படங்கள் ஒரு பெரிய காரணம். ஆக, கெய்ரோவில் ஒரு துணை நடிகராக இருந்தவருக்குக் கூட ஒரு கண்டத்துக்கு ஈடான ரசிகர் கூட்டம் இருந்தது. இதை நினைவில் வைத்துக்கொண்டால்தான் பதிவின்மை எவ்வளவு பெரிய முரண் என்பது புரியும்.

அந்தத் தொழிலில் புழங்கிய மூன்று சொற்களையும் தெரிந்துகொள்வது நல்லது. கூட்டத்தில் வந்துபோகும் துணை ஆட்களை 'கொம்பார்ஸ்' என்பார்கள். கதாநாயகனுக்குப் பக்கத்தில் நின்று சிரிப்பையோ மோதலையோ தாங்கிக்கொடுப்பவர் 'ஸன்னீத்'. படத்தின் தொடக்கத்தில் ஓடும் பெயர்ப் பட்டியல் 'தத்ர்'. கஸப்கி முதல் வகையின் விளிம்பில் தொடங்கி, இரண்டாம் வகையில் உச்சத்தைத் தொட்டவர்.

## கஸப்கியைப் பற்றி எவையெல்லாம் தெரியும்?

மேல் எகிப்தில், ஸோஹாக் பகுதியைச் சேர்ந்த கிர்கா என்ற ஊரில் 1903-ல் பிறந்தவர் என்றுதான் பொதுவாக அச்சாகிறது. எகிப்திய ரயில்வேயில் டிக்கெட் பரிசோதகராக வேலை பார்த்தார். ரயில்வே ஊழியர்களுக்கென்று ஒரு நாடகக் குழு இருந்தது. அதில் நடிக்க ஆரம்பித்தார். அப்புறம் தொழில்முறைக் குழுக்களுக்குப் போனார். அலி அல்-கஸ்ஸாரின் குழு அவற்றில் ஒன்று. 1930களின் நடுவில் படங்களில் தலைகாட்டத் தொடங்கினார்.

உருவம் அவருக்குப் பெரிய சொத்தாக இருந்தது. பருத்த உடல், தடித்த புருவம், கரகரத்த குரல். அந்த உடலைப் பார்த்ததும் இயக்குநர்கள் அடியாள், கொள்ளைக்காரன், சிறைக் காவலன் என்றே வேடம் கொடுத்தார்கள். 1920-ல் அலெக்சாந்திரியாவை உலுக்கிய தொடர்கொலை வழக்கை வைத்து ஸலாஹ் அபூ ஸைஃப் 1953-ல் எடுத்த 'ரய்யா வ ஸகீனா' படத்தில் கொலைக் கும்பலின் ஆட்களில் ஒருவராக வந்தார். சிரிப்புக்கு இடமில்லாத படம் அது. அந்த உடல் எவ்வளவு பயமுறுத்தும் என்பதை அதில் பார்க்கலாம்.

ஆனால் அவரை வீட்டுக்கு வீடு கொண்டுபோய்ச் சேர்த்தது 'ஷாவீஷ் அதிய்யா'. ஷாவீஷ் என்றால் சார்ஜன்ட். 1952 புரட்சிக்குப் பிறகு, ராணுவத்தின் ஒத்துழைப்போடு, நகைச்சுவை நடிகர் இஸ்மாயில் யாசீனை வைத்து ஒரு படவரிசை எடுக்கப்பட்டது. படத் தலைப்பிலேயே யாசீனின் பெயர் இருக்கும்: 'இஸ்மாயில் யாசீன் ராணுவத்தில்' 1955-ல், 'காவல் துறையில்' 1956-ல், 'கடற்படையில்' 1957-ல். இந்த மூன்றையும் இயக்கியவர் ஃபதீன் அப்துல் வஹாப். எதையும் தப்பாகவே செய்யும் அப்பாவிப் புதுச் சிப்பாயாக யாசீன். அவரைப் பயிற்றுவிக்க வேண்டிய தலைவிதியோடு உறுமிக்கொண்டே நிற்கும் சார்ஜன்டாக கஸப்கி.

இந்த ஜோடியின் வேலைப் பங்கீட்டைக் கவனித்துப் பார்த்தால் கஸப்கியின் திறமை தெரியும். யாசீன் முகத்தைக் கோணுவார், தடுமாறுவார், உளறுவார். கஸப்கி அசையாமல் நிற்பார். கோபம் அவருடைய கழுத்திலிருந்து மெதுவாக முகத்துக்கு ஏறும். அவர் எவ்வளவு நேரம் தாங்குகிறாரோ அவ்வளவு நேரம் சிரிப்பு கூடிக்கொண்டே போகும். எப்போது வெடிப்பது என்ற கணக்கு முழுவதும் அவர் கையில் இருக்கிறது. மேடையில் பல ஆண்டுகள் நின்று பழகாதவர்களுக்கு இந்தக் கணக்கு கைவராது.

1950களின் இறுதியில் பக்கவாதம் அவரைப் படுக்கையில் தள்ளியது. 1963 ஏப்ரலில் இறந்தார்.

ஓரளவு நிச்சயமாகச் சொல்லக்கூடியது இவ்வளவுதான். இரண்டு தலைமுறை அரபு ரசிகர்கள் வசனத்தோடு நினைவில் வைத்திருக்கும் ஒரு நடிகருக்கு இது எவ்வளவு குறைவு!

## பதிவு எங்கெங்கே அறுந்தது?

1. பிறப்பில். 1900-ஐ ஒட்டி எகிப்தின் கிராமங்களிலும் சிற்றூர்களிலும் பிறந்த பலரது பிறப்பு உடனுக்குடன் பதிவாகவில்லை. பதிவேட்டில் இல்லாதவர்களை 'ஸாகித் கைத்' என்பார்கள். பின்னால் வேலைக்கோ சான்றிதழுக்கோ தேவைப்படும்போது மருத்துவர் ஒருவர் பார்த்து வயதை மதிப்பிட்டுத் தருவார். அந்த மதிப்பீடுதான் பிறகு பிறந்த தேதியாக நிலைபெறும். இது துணை நடிகர்களுக்கு மட்டும் நேர்ந்ததல்ல. உம் குல்தூமின் பிறந்த ஆண்டே 1898 என்றும் 1904 என்றும் இரண்டு விதமாக எழுதப்படுகிறது. இஸ்மாயில் யாசீனுக்கு 1912, 1915 என இரண்டு ஆண்டுகள் சொல்லப்படுகின்றன. அரபு உலகின் ஆகப்பெரிய பாடகிக்கே இப்படியென்றால், கிர்காவில் பிறந்த ரயில்வே ஊழியரின் பிறந்த நாளை எந்தத் தளமாவது தேதி, மாதத்தோடு கொடுத்தால் அதைக் கொஞ்சம் நிதானமாகத்தான் எடுத்துக்கொள்ள வேண்டும்.

2. வேலையில். அக்காலத் தத்ரில் பெயர்கள் மட்டும்தான் வரும். யார் எந்த வேடம் என்பது பெரும்பாலும் வராது. நட்சத்திரங்களுக்குத் தனித் தனி அட்டை. துணை நடிகர்கள் பத்துப் பேர் ஒரே அட்டையில் அடுக்கப்பட்டிருப்பார்கள். கொம்பார்ஸுக்கு அதுவும் இல்லை. கஸப்கியின் ஆரம்பக் காலப் படங்களைப் பட்டியலிடுவது கடினமாக இருப்பதற்கு இதுவே நேரடிக் காரணம். பெயர் இல்லாத படத்தில் அவர் இருக்கலாம். அதைக் கண்டுபிடிக்க ஒரே வழி, படத்தைப் பார்த்து முகத்தை அடையாளம் காண்பது.

3. தயாரிப்பு முறையில். இதுதான் ஆழமான காரணம் என்பது என் எண்ணம். ஹாலிவுட்டில் ஒரு பெரிய ஸ்டூடியோ நடிகர்களைச் சம்பளத்துக்கு வைத்துக்கொண்டது. ஒப்பந்தம், சம்பளப் பட்டியல், விளம்பரக் கோப்பு எல்லாம் ஒரே கூரையின் கீழ்ச் சேர்ந்தன. கெய்ரோவில் ஸ்டூடியோ மிஸ்ர் ஆரம்பத்தில் அந்த வழியில் போக முயன்றது. ஆனால் போருக்குப் பிறகு வந்த வெள்ளத்தில் பெரும்பாலான படங்களைச் சின்னச் சின்னத் தயாரிப்பாளர்கள் எடுத்தார்கள். பலர் ஓரிரு படங்களோடு காணாமல் போனார்கள். ஸ்டூடியோ என்பது அவர்களுக்கு வாடகைக்கு எடுக்கும் தளம், அவ்வளவே. துணை நடிகருக்குப் படத்துக்கு இவ்வளவு என்றோ நாளுக்கு இவ்வளவு என்றோ பேசிக் கையில் கொடுத்தார்கள். கம்பெனி மூடியதும் அதன் கணக்குப் புத்தகமும் போயிற்று.

இதோடு விநியோக முறையும் சேர்ந்துகொண்டது. பல படங்களுக்கு பெய்ரூட்டில் இருந்த விநியோகஸ்தர்கள் முன்பணம் கொடுத்தார்கள். அவர்கள் பார்த்தது நாயகன், நாயகி, பாடகர் ஆகியோரின் பெயர்களை. அந்தப் பெயர்களைக் காட்டித்தான் படம் விற்றது. அதனால் சுவரொட்டியும் விளம்பரத் தாளும் அந்தப் பெயர்களைச் சுற்றியே அமைந்தன. ஸன்னீத் இல்லாமல் படம் சிரிக்க வைக்காது என்பது எல்லோருக்கும் தெரியும். ஆனாலும் அவர் பெயரை எழுதிவைப்பதால் யாருக்கும் காசு வரவில்லை.

4. இறப்பில். எகிப்தியத் தொலைக்காட்சி 1960 ஜூலையில் ஒளிபரப்பைத் தொடங்கியது. பழைய படங்களைத் திரும்பத் திரும்பக் காட்டி, துணை நடிகர்களைக் குடும்ப உறுப்பினர்கள் போல ஆக்கியது இந்தத் தொலைக்காட்சிதான். திரையரங்கில் ஒருமுறை பார்த்து மறந்த முகத்தை, வீட்டில் இருபது முறை பார்த்தார்கள். அதன் பிறகுதான் 'இவர் யார்?' என்ற ஆர்வமே பெரிதாக எழுந்தது.

தேதிகளைப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். கஸப்கி இறந்தது 1963 ஏப்ரல். நகைச்சுவை நடிகர் அப்துல் ஃபத்தாஹ் அல்-கஸ்ரி இறந்தது 1964 மார்ச். வில்லன் வேடங்களின் நளினமான நாயகர் ஸ்டெஃபான் ரோஸ்தி இறந்தது 1964 மே. சுமார் பதின்மூன்று மாதங்களுக்குள் மூவரும் போய்விட்டார்கள். தொலைக்காட்சி அப்போது நடை பழகிக்கொண்டிருந்தது. கலைஞர்களை உட்காரவைத்து விரிவாகப் பேட்டி எடுக்கும் வழக்கம் வேரூன்றுவதற்குள் பேச வேண்டியவர்கள் இல்லாமல் போனார்கள்.

அதே தலைமுறையில் நீண்ட காலம் வாழ்ந்தவர்களோடு ஒப்பிட்டால் வித்தியாசம் துலக்கமாகத் தெரியும். மஹ்மூத் அல்-மெலீகி 1983 வரை இருந்தார். ஃபரீத் ஷவ்கி 1998 வரை இருந்தார். இருவருமே வில்லன் வேடங்களில் உழன்றவர்கள்தான். ஆனால் அவர்கள் தங்கள் கதையைத் தாங்களே சொல்ல அவகாசம் கிடைத்தது. அவர்களைப் பற்றிய பதிவு பல மடங்கு செழிப்பாக இருக்கிறது. திறமைக்கும் பதிவின் அளவுக்கும் இதில் சம்பந்தமே இல்லை. எந்த ஆண்டில் இறந்தார் என்பது தீர்மானித்திருக்கிறது.

## பெயரால் வரும் குழப்பம்

இருக்கிற பதிவைத் தேடி எடுப்பதும் எளிதல்ல. அரபு எழுத்தில் குறில் உயிர்கள் பொதுவாக எழுதப்படுவதில்லை. எகிப்தியர்கள் சில எழுத்துகளை மற்ற அரபு நாட்டவர்களைவிட வேறாக உச்சரிக்கிறார்கள். போதாக்குறைக்கு, அந்தக் காலத்து எகிப்தில் ரோமன் எழுத்தில் பெயர் எழுதியவர்கள் பிரெஞ்சு முறையைப் பின்பற்றினார்கள். இன்றைய தரவுத்தளங்கள் ஆங்கில முறையைப் பின்பற்றுகின்றன. அதனால் ஒரே மனிதர் கஸப்கி, கஸப்ஜி, காசப்கி, எல்கஸப்கி என்று நாலைந்து பேராகப் பிரிந்து கிடக்கிறார். ஒரு தளத்தில் அவருடைய படங்களில் பாதி ஒரு பெயரின் கீழும் மீதி இன்னொரு பெயரின் கீழும் இருந்தால் வியப்படைய வேண்டாம்.

இதற்கு நேரெதிரான தவறும் நடக்கும். முஹம்மத் அல்-கஸப்கி என்று ஒரு புகழ்பெற்ற இசையமைப்பாளர் இருந்தார். உம் குல்தூமுக்குப் பின்னால் அமர்ந்து ஊத் என்ற நரம்பு இசைக்கருவியை வாசித்தவர், 1966-ல் மறைந்தவர். குடும்பப் பெயர் ஒன்றாக இருப்பதால் அவசரமாகத் தேடுபவர்கள் இருவரையும் ஒருவராக்கிவிடுகிறார்கள். ரோஸ்திக்கும் இதே கதிதான். 1920களில் எகிப்தில் படம் எடுத்த விக்தர் ரோசீதோ என்ற வேறொருவர் இருக்கிறார். பெயர்கள் பக்கத்தில் பக்கத்தில் வருவதால் வேலைகள் இடம் மாறிவிடுகின்றன.

மேடைப் பெயர்கள் இன்னொரு அடுக்கு. நடிப்பு என்பது குடும்பத்துக்கு இழுக்கு என்று கருதப்பட்ட காலத்தில், குறிப்பாகப் பெண்கள், வேறு பெயரில் நடித்தார்கள். அலெக்சாந்திரியாவில் ஸைனப் என்ற பெயரோடு பிறந்தவர்தான் ஸீனத் ஸித்கி. லிலியன் என்ற பெண் லைலா முராத் ஆனார். மிஷெல் ஷல்ஹூப் ஒமர் ஷெரீஃப் ஆனார். நட்சத்திரங்களின் இயற்பெயரைத் தேடி எழுத ஆட்கள் இருந்தார்கள். துணை நடிகைகளின் இயற்பெயரைப் பெரும்பாலும் யாரும் கேட்கவில்லை. இயற்பெயர் தெரியாவிட்டால் அரசுப் பதிவேடு திறந்தே கிடந்தாலும் பயனில்லை.

## வேடமே வாழ்க்கை வரலாறாக மாறுவது

பதிவு இல்லாத இடம் காலியாக நிற்காது. ஏதாவது ஒன்று வந்து நிரப்பும். பெரும்பாலும் வந்து நிரப்புவது வேடம்.

பிஷாரா வாகிம் இதற்கு மிகச் சரியான உதாரணம். 1949-ல் இறக்கும் வரை அவர் பல படங்களில் சிரிய-லெபனான் வழக்கில் பேசும் வெள்ளந்தி மனிதராக வந்தார். அந்தப் பேச்சு அவ்வளவு இயல்பாக இருந்ததால் அவர் அந்த நாட்டவர் என்றே பலரும் நம்பினார்கள், இன்னும் நம்புகிறார்கள். அவரோ கெய்ரோவின் ஃபக்காலாப் பகுதியில் பிறந்த எகிப்தியக் கிறிஸ்தவர், சட்டம் படித்தவர். அவருடைய நடிப்பின் வெற்றியே அவருடைய வரலாற்றை அழித்துவிட்டது.

அல்-கஸ்ரிக்கும் இதேபோல நடந்தது. 1957-ன் 'இப்ன் ஹமீதோ' படத்தில், வெளியே அதிகாரமாக முழங்கி மனைவி முன்னால் பெட்டிப்பாம்பாகும் மீனவத் தலைவராக நடித்ததைப் பார்ப்பவர்கள், அவரைக் கடைத்தெருவில் வளர்ந்த, படிப்பு வாசனை இல்லாத ஆளாகவே நினைப்பார்கள். அவர் நகை வியாபாரியின் மகன். பிரெஞ்சுப் பள்ளியில் படித்தவர். நகீப் அல்-ரீஹானியின் நாடகக் குழுவில் தேர்ச்சி பெற்றவர். அந்தக் கடைத்தெரு மொழி அவர் உழைத்து உருவாக்கிக்கொண்ட கலை.

நிரப்புவதற்கு வரும் இரண்டாவது பொருள், சோக முடிவுக் கதை. இதற்கு ஏறக்குறைய ஒரு வார்ப்பே உண்டு: புகழின் உச்சம், திடீர் நோய், நண்பர்கள் கைவிடுவது, மருந்துக்குக் காசில்லாமை, கடைசியில் அடக்கச் செலவை யாரோ ஒருவர் ஏற்பது. கஸப்கிக்கு இந்தக் கதை உண்டு. அல்-கஸ்ரிக்கும் உண்டு. ரோஸ்திக்கு வேறு விதமாக: அவர் இறந்துவிட்டதாக வதந்தி பரவி, நடிகர் சங்கத்தில் இரங்கல் கூட்டம் நடக்கும்போது அவரே உள்ளே நடந்து வந்ததாக ஒரு கதை திரும்பத் திரும்பச் சொல்லப்படுகிறது.

இவையெல்லாம் பொய் என்று ஒதுக்க முடியாது. துணை நடிகர்களுக்கு ஓய்வூதியமோ மருத்துவப் பாதுகாப்போ ஒழுங்காக இல்லாத காலம் அது. வறுமை உண்மையாகவே இருந்தது. சிக்கல் வேறு இடத்தில் இருக்கிறது. ஒரே வார்ப்பில் பல பேருடைய முடிவு சொல்லப்படும்போது, ஒருவருக்கு நடந்தது இன்னொருவர் கணக்கில் ஏறிவிடுகிறது. ஒருவர் எழுதியதை அடுத்தவர் எடுத்து, ஒரு வாக்கியம் சேர்த்து எழுதுகிறார். பத்தாவது பிரதியில் உரையாடல் கூட முளைத்துவிடுகிறது. ஒரு மனிதர் முப்பது ஆண்டு செய்த வேலை இரண்டு வரியிலும், கடைசி சில மாதங்கள் இரண்டு பக்கத்திலும் வந்து நிற்கின்றன. இது அந்த நடிகர்களுக்குச் செய்யப்படும் அநியாயம் என்றே சொல்வேன். அவர்களை நாம் நினைவில் வைத்திருப்பது அவர்கள் நோயுற்றதற்காக அல்ல.

## படச்சுருள்கள் எங்கே போயின?

தாளில் பதிவு இல்லாவிட்டாலும் படம் இருந்தால் போதுமே என்று தோன்றும். அங்கேயும் ஓட்டைகள். 1950களின் தொடக்கம் வரை உலகெங்கும் புழங்கிய நைட்ரேட் படச்சுருள் எளிதில் தீப்பற்றும், வெப்பத்தில் சிதையும். கெய்ரோவின் வெயிலில் சரியான குளிர்பதனக் கிடங்கு இல்லாமல் அவை தாங்குவது கடினம். எகிப்தின் மௌனப் படங்களில் பெரும்பாலானவை இன்று இல்லை. 1952 ஜனவரி 26-ல் கெய்ரோ நகர மையம் தீக்கிரையானபோது பல திரையரங்குகள் எரிந்தன. 1960களில் திரைத்துறையின் பெரும்பகுதி அரசுடைமையானது, அடுத்த பத்தாண்டில் அரசு பின்வாங்கியது. இந்தக் கைமாற்றங்களில் எது யாரிடம் என்ற கணக்கே தெளிவில்லாமல் போனது.

1990களிலும் 2000களிலும் வளைகுடாவின் செயற்கைக்கோள் நிறுவனங்கள், குறிப்பாக ஏஆர்டியும் ரோதானாவும், எகிப்தியப் படங்களின் மூலச் சுருள்களையும் உரிமைகளையும் பெருமளவில் வாங்கிவிட்டன. எகிப்தில் இது இன்னும் ஆறாத புண். தேசத்தின் நினைவை விற்றுவிட்டார்கள் என்கிறார்கள் பலர். அவர்கள் வாங்கியிராவிட்டால் பல சுருள்கள் மக்கிப் போயிருக்கும் என்கிறார்கள் வேறு சிலர். இரண்டிலும் உண்மை இருக்கிறது. நம்முடைய கேள்விக்கு இதில் ஒரு நேரடி விளைவு உண்டு: ஒளிபரப்பின் நேரத்துக்குப் பொருந்த வெட்டப்பட்ட பிரதிகளே அதிகம் புழங்குகின்றன. வெட்டும்போது முதலில் போவது தத்ர். துணை நடிகரின் பெயர் இருந்த ஒரே இடமும் அதுதான்.

## எதை நம்பலாம், எந்த வரிசையில்?

இத்தகைய நடிகரைப் பற்றிப் படிக்கும்போதோ எழுதும்போதோ, சான்றுகளை இந்த வரிசையில் எடைபோட்டால் பெரும்பாலான பிழைகளைத் தவிர்க்கலாம்.

1. படமே முதல் சான்று. அவர் திரையில் இருக்கிறாரா, எந்த வேடம், எவ்வளவு நேரம் என்பதை நேரடியாகப் பார்க்க முடியும். தரவுத்தளம் ஒன்று சொல்லிப் படம் வேறொன்று காட்டினால் படத்தையே நம்ப வேண்டும்.

2. வெட்டப்படாத பிரதியின் தத்ரும், வெளியீட்டுக் காலச் சுவரொட்டியும். பெயர் எந்த வரிசையில், எந்த அளவில் வந்தது என்பதே அந்த ஆண்டில் அவருடைய மதிப்பைச் சொல்லும். கஸப்கியின் பெயர் ஆண்டுக்கு ஆண்டு எப்படி மேலே ஏறியது என்பதை வேறு எந்த ஆவணத்தையும்விட இவை தெளிவாகக் காட்டும்.

3. அந்தந்த வாரத்தில் அச்சான பத்திரிகை. தார் அல்-ஹிலால் நிறுவனத்தின் 'அல்-கவாகிப்' திரைப்பட இதழ், நாடக நடிகை ஃபாத்திமா அல்-யூசுஃப் 1925-ல் தொடங்கிய 'ரோஸ் அல்-யூசுஃப்' இரண்டும் முக்கியமானவை. அவற்றிலும் வதந்தி உண்டு, விளம்பரத்துக்காக எழுதியது உண்டு. ஆனால் தேதி இருக்கிறது; மறுக்க விரும்பினால் சம்பந்தப்பட்டவர் அப்போது உயிரோடு இருந்தார்.

4. உடன் நடித்தவர்களின் பிற்கால நினைவுகள். சூழலை அறிய மிகவும் நல்லவை. ஆண்டு, பணம், வரிசைமுறை ஆகியவற்றுக்கு நம்பகமற்றவை.

5. இணையத்தில் சுற்றும் வாழ்க்கைக் குறிப்புகள். பெரும்பாலானவை ஒன்றிலிருந்து ஒன்று எடுத்தவை. பத்துத் தளங்கள் ஒரே தேதியைச் சொன்னால் பத்துச் சான்றுகள் ஆகிவிடாது.

கடைசி அம்சத்தைக் கொஞ்சம் அழுத்திச் சொல்ல வேண்டும். இப்போது பல தரவுத்தளங்கள் தாமாகவே ஒன்றையொன்று படித்து நிரப்பிக்கொள்கின்றன. ஒரு இடத்தில் விழுந்த தவறான ஆண்டு சில வாரங்களில் எல்லா இடத்திலும் உட்கார்ந்துவிடுகிறது. பிறகு அதை மறுப்பவரிடம்தான் ஆதாரம் கேட்கப்படுகிறது.

## இதனால் என்ன இழப்பு?

தனிமனிதர்களைப் பற்றிய விவரக் குறைவு என்று இதைச் சுருக்கிவிடக் கூடாது.

முதல் இழப்பு சினிமா வரலாற்றுக்கு. நட்சத்திரங்களும் இயக்குநர்களும் மட்டும் பதிவானால், எகிப்திய நகைச்சுவை எங்கிருந்து வந்தது என்பது தெரியாமல் போகும். கெய்ரோவின் எமாதுத்தீன் தெரு நாடகக் கொட்டகைகளில் ரீஹானியும் கஸ்ஸாரும் போட்டி போட்டுக்கொண்டு வளர்த்த நடிப்பு முறையைப் படங்களுக்குள் கொண்டுவந்தவர்கள் இந்தத் துணை நடிகர்களே. நாயகர்கள் மாறிக்கொண்டே இருந்தார்கள். இவர்கள் முப்பது ஆண்டுகள் எல்லாருடைய படங்களிலும் இருந்தார்கள்.

இரண்டாவது, அந்தச் சமூகம் எப்படி இருந்தது என்பதற்கான சான்று. தோகோ மிஸ்ராஹி அலெக்சாந்திரியாவில் எடுத்த 1930களின் நகைச்சுவைப் படங்களில் 'ஷாலோம்' என்ற ஏழை யூத இளைஞன் நாயகன். முஸ்லிம் நண்பன் அப்தோவோடு சேர்ந்து பிழைப்புத் தேடி அலைவான். 1935-ல் 'ஷாலோம் அல்-துர்குமான்', 1937-ல் 'ஷாலோம் அல்-ரியாதி' என்று அவன் பெயரிலேயே படங்கள் வந்தன. நடித்தவர் லியோன் ஏஞ்சல் என்ற எகிப்திய யூதர். தலைப்பிலேயே இடம்பெற்ற அந்த நடிகரின் பிற்கால வாழ்க்கை இருளில் கிடக்கிறது. ஒரு யூத நாயகனும் முஸ்லிம் நண்பனும் அரபுப் படத்தில் இயல்பாக ஒரே வீட்டில் சிரித்துக்கொண்டிருந்த காலம் ஒன்று இருந்தது என்பதற்கு அவர் உடம்பே சாட்சி. இஸ்ரேலோடு நடந்த 1948, 1956 போர்களுக்குப் பிறகு எகிப்திலிருந்து யூத சமூகமே கரைந்தபோது, இப்படிப்பட்ட நடிகர்களின் நினைவைக் காப்பாற்ற வேண்டியவர்கள் பல நாடுகளுக்குச் சிதறிப் போனார்கள்.

மூன்றாவது, குடும்பங்களுக்கு. கஸப்கியின் படங்கள் இன்றும் தொலைக்காட்சியில் ஓடுகின்றன. அவருடைய முகம் வேடிக்கைப் படமாகக் கைப்பேசிகளில் சுற்றுகிறது. யாரோ பணம் பார்க்கிறார்கள். எழுத்து ஒப்பந்தமே இல்லாத தொழிலில் வாரிசுகள் எதைக் காட்டி உரிமை கேட்பது?

## இன்னும் எங்கே தேடலாம்

நம்பிக்கைக்கு இடமில்லாமல் இல்லை. எகிப்தில் ஒரு படம் எடுக்க முதலில் திரைக்கதையைத் தணிக்கைத் துறையிடம் கொடுத்து அனுமதி வாங்க வேண்டும். முடிந்த படத்துக்கு மீண்டும் அனுமதி வாங்க வேண்டும். ஆகவே கம்பெனிகளின் காகிதங்கள் அழிந்தாலும் அரசிடம் ஒரு இணைப் பதிவு உருவாகிக்கொண்டே இருந்தது. அந்தக் கோப்புகள் ஆய்வாளர்களுக்குத் தாராளமாகத் திறக்கப்பட்டால், படம் படமாகச் சரிபார்க்கும் வேலை சாத்தியமாகும். பழைய இதழ்களின் பக்கங்களைத் தனிப்பட்ட சேகரிப்பாளர்கள் ஒளிவருடி இணையத்தில் ஏற்றி வருகிறார்கள். கெய்ரோவின் பழைய புத்தகக் கடைத்தெருவான அஸ்பகிய்யாவில் விளம்பரத் தாள்களும் படக் காட்சிப் புகைப்படங்களும் இன்னும் கைமாறுகின்றன.

கஸப்கியைப் பொறுத்தவரை கூடுதலாக ஒரு வழி இருக்கிறது. அவர் நடிகராவதற்கு முன் அரசு ஊழியர். ரயில்வே போன்ற நிறுவனம் ஒருவரை வேலைக்கு எடுக்கும்போது பிறந்த ஆண்டு, ஊர், சேர்ந்த நாள், இடமாற்றம் ஆகியவற்றை எழுதாமல் விடாது. படத் தொழில் அவரைப் பற்றி எழுதிவைக்காத அடிப்படைத் தகவல்கள், எகிப்திய ரயில்வேயின் பழைய ஊழியர் கோப்புகள் எஞ்சியிருந்தால் அவற்றில் இருக்கும். தேட வேண்டிய முதல் இடம் அது.